நெவீராவுக்கு அர்த்தம்

மகளின் பள்ளிக்கூட டைரியில் ஒட்டியிருந்த சீட்டை வேலுமணி மூன்றாவது தடவையாகப் படித்தார். குழந்தையின் பெயருக்கு என்ன பொருள், அது எந்த மொழி, எங்கிருந்து கிடைத்தது என்று எழுதி அனுப்ப வேண்டுமாம். வெள்ளிக்கிழமை பெற்றோரில் ஒருவர் மேடையேறி இரண்டு நிமிடம் பேசவும் வேண்டுமாம்.

"இதுல யோசிக்க என்னங்க கெடக்கு? வெரசா எழுதுங்க" என்றாள் ஜெயப்பிரியா.

அவளுக்கு யோசிக்க ஒன்றுமில்லைதான். நெவீரா என்றால் மலைமேல் விழும் முதல் வெளிச்சம். இதைத் தங்கள் ஊரான பள்ளங்கியில் அவள் சொல்லாத வீடு கிடையாது. கூக்கால் கிராமத்தில் இருக்கும் அவளுடைய அண்ணன்மார் இரண்டு பேருக்கும் மனப்பாடம்.

அந்த அர்த்தத்தை உண்டாக்கியவர் வேலுமணி என்பதுதான் சிக்கல்.

ஆறு வருஷத்துக்கு முன்னால், கொடைக்கானல் ஆஸ்பத்திரியில் மகள் பிறந்த மூன்றாம் நாள், பெயர் எழுதிக் கொடுக்க வேலுமணியை அனுப்பினாள் ஜெயப்பிரியா. மாடர்னாக இருக்க வேண்டும், இந்த மலையில் இன்னொருத்திக்கு இருக்கக் கூடாது. இவ்வளவுதான் அவள் போட்ட நிபந்தனை. வேலுமணிக்கு உருளைக்கிழங்குக்கு எப்போது மண் அணைப்பது என்று தெரியும், பெண் குழந்தைக்கு மாடர்னாகப் பெயர் வைக்கத் தெரியாது. பிறப்புப் பதிவேடு எழுதுகிறவர் பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு முகத்தையே பார்த்தார். மடியில் இருந்த பையில், அன்று காலை விதைக்கடை மயில்சாமி பரீட்சை பார்க்கச் சொல்லிக் கொடுத்த புது ரக கேரட் விதை டப்பா. அதன்மேல் 'நெவீரா' என்று எழுதி ஒட்டியிருந்தது. வேலுமணி அதைப் படித்தார். எழுதுகிறவர் எழுதிக்கொண்டார்.

திரும்பி வந்ததும் அர்த்தம் கேட்டாள் ஜெயப்பிரியா. ஜன்னலுக்கு வெளியே மேகம் விலகி, எதிர்மலையில் வெயில் விழுந்துகொண்டிருந்தது. வேலுமணி பார்த்ததைச் சொன்னார். அவள் கண்கலங்கிக் குழந்தையை முத்தமிட்டாள். அதற்கப்புறம் கேரட் என்று எந்த வாயால் சொல்வது?

விதைத்த கேரட் நன்றாகத் திரண்டு விளைந்தது. விளைச்சலைக் கண்டு பக்கத்துத் தோட்டத்துக்காரர்கள் விதை கேட்டபோது, விதை பரவினால் பெயரும் பரவுமே என்று பயந்து, எல்லாம் வெடித்துப் போகிறது என்று கூசாமல் சொன்னார். மயில்சாமியிடமும் அந்த விதை இனி மலைக்கே வேண்டாம் என்றார். பாவம், நல்ல கேரட்.

இப்போது சீட்டில் மொழி என்று ஒரு கட்டம் காலியாக இருந்தது. சமஸ்கிருதம் என்று எழுதினால் ஊரில் பத்துப் பேர் பிரித்துப் பார்ப்பார்கள். கொடைக்கானலில் யாருக்கும் தெரியாத மொழியாக இருக்கட்டும் என்று 'பாரசீகம்' என்று எழுதி அனுப்பினார்.

மறுநாளே வகுப்பு டீச்சர் கித்தேரியம்மாளிடமிருந்து போன் வந்தது. எதையும் அரைகுறையாக விடாதவர். பாரசீக அகராதியை நெட்டில் எடுத்துத் தேடிவிட்டாராம், அப்படி ஒரு சொல்லே இல்லையாம். வேலுமணி பதறிப்போய், அவசரத்தில் மாற்றி எழுதிவிட்டேன், அது லத்தீன் என்றார்.

"நான் ரோமாபுரியில மூணு வருஷம் லத்தீன் படிச்சவ, சார்" என்றார் டீச்சர்.

அப்படியென்றால் சமஸ்கிருதமாகத்தான் இருக்கும் என்று வேலுமணி முனகினார். டீச்சர் விடவில்லை. தனக்குத் தெரிந்த வரையில் பிரித்தால் 'வீரமில்லாதவள்' என்றுதான் வரும்போலிருக்கிறது, எதற்கும் பெயரை எங்கிருந்து எடுத்தீர்கள் என்று யோசித்து வையுங்கள் என்று சொல்லிப் போனை வைத்துவிட்டார்.

போன் ஸ்பீக்கரில் இருந்தது. ஜெயப்பிரியா கையில் கரண்டியோடு நின்றிருந்தாள்.

அன்று சாயங்காலமே கூக்காலுக்குத் தகவல் போயிற்று. தங்கச்சி மகளை வீரமில்லாதவள் என்று டீச்சர் சொல்லிவிட்டதாக அங்கே போய்ச் சேர்ந்தது. வெள்ளிக்கிழமை ஜீப் பிடித்து வருகிறோம், மாப்பிள்ளை மேடையில் வாயடைக்கிற மாதிரி பேசட்டும், மற்றதை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்றார்கள் அண்ணன்மார்.

வேலுமணிக்குக் காய்ச்சல் வரவில்லை. வந்துவிட்டதாகச் சொல்லிப் பார்த்தார். அப்படியானால் நானே பேசுகிறேன் என்று ஜெயப்பிரியா நோட்டெடுத்து இரண்டு பக்கம் எழுதத் தொடங்கினாள். காய்ச்சல் உடனே இறங்கிவிட்டது.

மிச்சமிருந்த ஒரே வழி மயில்சாமி. விதைக் கம்பெனிக்காரன் ஏதாவது ஒரு அர்த்தத்தோடுதானே பெயர் வைத்திருப்பான். வியாழக்கிழமை வெள்ளனே கிளம்பிப் போனால் கடை பூட்டிக் கிடந்தது. ஆள் பழனிக்குப் பாதயாத்திரை போயிருப்பதாகப் பக்கத்து டீக்கடையில் சொன்னார்கள். போனும் அணைந்திருந்தது. கேரட் விதை விஷயம், ரொம்ப அவசரம், நாளைக்குப் பள்ளிக்கூடத்தில் இருப்பேன் என்று ஒரு துண்டுச்சீட்டு எழுதிக் கடைக் கதவுக்கு அடியில் தள்ளிவிட்டு வந்தார்.

வெள்ளிக்கிழமை ஹாலில் முதல் வரிசையில் ஜெயப்பிரியா பட்டுப்புடவையில் இருந்தாள். அவளுக்கு இரண்டு பக்கமும் இரண்டு அண்ணன்மார். ஓரத்தில் கித்தேரியம்மாள் டீச்சர், மடியில் அகராதி. மேடையில் மகள் வேலுமணியின் விரலைப் பிடித்துக்கொண்டு நின்றாள். மைக்குக்கு முன்னால் வேலுமணிக்குப் பாரசீகமும் வரவில்லை, லத்தீனும் வரவில்லை. மகள் அண்ணாந்து அவர் வாயையே பார்த்தாள். அந்தப் பார்வைக்கு முன்னால் இன்னொரு பொய் சொல்ல அவருக்குத் தெம்பில்லை.

"எம்மக பேரு கேரட் விதை டப்பால இருந்து எடுத்ததுங்க" என்றார். "அர்த்தம் நானாச் சொன்னது. ஆனா அன்னைக்கு மலைல அந்த வெளிச்சம் நெசமா விழுந்துச்சு. அதை மட்டும் நான் பொய் சொல்லல."

பின்வரிசையில் ஒருவர் சிரித்தார், பிறகு எல்லோரும். டீச்சர் அகராதியை மூடிவிட்டு, தான் கேட்டதிலேயே ஒத்துக்கொள்ளும்படியான பதில் இதுதான் என்று கைதட்டினார். தன் பேரில் ஒரு கேரட் இருக்கிறது என்று மகள் வகுப்புப் பிள்ளைகளிடம் போய்ப் பெருமையடிக்கத் தொடங்கிவிட்டாள்.

வெளியே வந்ததும் ஜெயப்பிரியா புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டாள். அண்ணன்மார் ஜீப்புக்குள் ஏறி, வேறு பக்கம் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தார்கள்.

"ஆறு வருஷமா ஊர் பூரா சொல்லிட்டுத் திரிஞ்சேனே" என்றாள்.

"தப்புத்தான் பிரியா."

"வெளிச்சம் விழுந்தது நெசமா?"

"நெசம்."

"சரி, வண்டில ஏறுங்க. சோலி கெடக்கு."

வேலுமணிக்கு நெஞ்சில் ஆறு வருஷமாக இருந்த மூட்டை இறங்கியது. இனி யாரும் எந்தக் கேரட்டையும் எங்கேயும் விற்கலாம். பக்கத்துத் தோட்டத்துக்காரர்களிடம்கூட உண்மையைச் சொல்லிவிடலாம் என்று நினைத்துக்கொண்டார்.

அப்போது வாசலில் ஒருவர் வேகவேகமாக வந்தார். மொட்டைத் தலை, சந்தனம், காவி வேட்டி. கிட்டே வந்த பிறகுதான் மயில்சாமி என்று தெரிந்தது. பழனியிலிருந்து வந்து கடையைத் திறந்ததும் சீட்டைப் பார்த்துவிட்டு ஓடி வந்திருக்கிறார். விதையில் ஏதும் கோளாறா என்று மூச்சு வாங்கக் கேட்டார்.

விஷயம் முடிந்துவிட்டது என்று வேலுமணி சிரித்தார். ஆறு வருஷத்துக்கு முன்னால் கொடுத்த அந்தப் பரீட்சை விதை, அந்தக் கேரட்டுக்கு நெவீரா என்று கம்பெனிக்காரன் ஏன் பெயர் வைத்தான் என்று கேட்கத்தான் தேடினேன் என்றார்.

மயில்சாமி மொட்டைத் தலையைத் தடவிக்கொண்டு அவரையும் ஜெயப்பிரியாவையும் மாறி மாறிப் பார்த்தார்.

"கம்பெனிக்காரன் எங்கண்ணே பேரு வச்சான்? டப்பால வெறும் நம்பருதான் இருந்துச்சு, மத்ததோட கலந்துரக் கூடாதுன்னு வீட்ல கெடந்த நோட்டு லேபிளை ஒட்டிக் குடுத்தேன். நெவீரா எம்மக பேருண்ணே."