வெர்னிக்கே அம்மாளைக் காலி செய்த படம்

சமூகத்துக்காகப் படம் எடுப்பது எங்கள் ஜெர்மனியில் முறையான உத்தியோகம். அதற்கு வேண்டியவை இரண்டு: கழுத்தை மூடிய கறுப்புச் சட்டை, பிறத்தியார் துயரம். இயக்குநர் ஃபோல்க்மார் டிரேசனிடம் சட்டை நிறைய இருந்தது. துயரத்தை, படங்களுக்குப் பணம் தரும் நிதிக்குழு ஆண்டுதோறும் அங்கீகரித்துக் கொடுத்தது. சுரங்கத்தை மூடினார்கள், ஒரு படம். கப்பல் பட்டறையை மூடினார்கள், இன்னொரு படம். நான் அவருடைய ஒலிப்பதிவாளன். அழுகைகளைப் பதிவு செய்தே தலை நரைத்தவன்.

அந்த வருஷம் கெல்சன்கிர்ஷன் நகரத்தில், வெர்னிக்கே அம்மாள் என்ற விதவையை வீட்டைக் காலி செய்யச் சொல்லியிருந்தார் உரிமையாளர் ப்ரூக்னர். நாங்கள் கேமராவோடு போய் இறங்கினோம். கேமராவைக் கண்டதும் அந்த மனிதர் பயந்துபோய், "இருந்துட்டுப் போகட்டும்" என்று சொல்லிவிட்டார். அம்மாள் ஆனந்தத்தில் எங்களுக்குப் பிளம்ஸ் கேக் சுட்டுப் போட்டாள். டிரேசனுக்கு மட்டும் அது தொண்டையில் இறங்கவில்லை.

நிதிக்குழு அதிகாரி டாக்டர் ஸ்டெக்மானிடம் ஓடினோம்.

"டாக்டர், அந்தம்மா வீட்லயே இருக்கலாமாம்."

"ரொம்ப சந்தோஷம். ஆனா, அங்கீகரிச்ச திட்டத்துல கடைசிப் பகுதி 'வெளியேற்றம்'னு இருக்கே?"

"நிஜம் மாறிடுச்சு டாக்டர்."

"மாறட்டும், யார் வேணாம்னா? மாறுறதுக்கு முன்னாடி விண்ணப்பிச்சிருக்கணும். அதோட, மகிழ்ச்சிக்கு எங்ககிட்ட தனிப் பிரிவு கிடையாது."

டிரேசன் சட்டத்தை மதிப்பவர். நேரே ப்ரூக்னரிடம் போனார்.

"தயவுசெஞ்சு அவங்களைக் காலி பண்ணச் சொல்லுங்க."

"நீங்க ஏழைங்க பக்கம்னு நினைச்சேனே!"

"அதனாலதானே கேக்குறேன். இவங்க ஒருத்தர் வெளிய போனா, லட்சம் பேர் கண்ணு திறக்கும்."

"என்னை வில்லனாக்கிடுவீங்க."

"சேச்சே! சன்னல் பக்கம் நிக்க வெச்சு, பாதி முகத்துல வெளிச்சம் போடுறேன்."

சமூக நலன் கருதி ப்ரூக்னர் ஒப்புக்கொண்டார்.

சாமான்களை வண்டியில் ஏற்றியபோது அம்மாள் டிரேசனின் கையைப் பிடித்தாள். "நீங்க ஒரு வார்த்தை சொன்னா அவர் கேப்பாரே, தம்பி."

"நான் தலையிடக் கூடாதும்மா. ஆவணப்படத்தோட தர்மம் அது."

இப்படி ஒரு தர்மம் இருந்தால் அதர்மத்துக்கு என்ன வேலை என்று எனக்குத் தோன்றியது. ஆனாலும் பதிவு துல்லியமாக வந்தது.

படத்துக்குப் பெரிய பரிசு. பெர்லினில் காட்சி முடிந்ததும் வழக்கம்போல் கலந்துரையாடல். எங்கள் ஊரில் "கேள்வி கேளுங்கள்" என்றால் யாரும் கேட்பதில்லை, எழுந்து நின்று கருத்துச் சொல்வார்கள். ஒரு பேராசிரியர் முதலாளித்துவத்தைக் கிழித்தார். ஒரு சீமாட்டி தான் எந்தெந்தக் கட்டத்தில் அழுதேன் என்று விளக்கினாள். டாக்டர் ஸ்டெக்மான் நிஜத்தின் வலிமையைப் பாராட்டினார்.

பிறகு, வீட்டை விட்டதிலிருந்து தங்கை வீட்டுச் சமையலறையில் படுத்துவந்த வெர்னிக்கே அம்மாள் அரங்கத்தில் எழுந்து நின்றாள்.

"இத்தனை பேர் அழுதீங்க. யார் வீட்லயாச்சும் எனக்கு ஒரு அறை இருக்கா?"

கூட்டத்தை நடத்தியவர்தான் முதலில் சுதாரித்துக்கொண்டார்.

"மிக ஆழமான கருத்து. நன்றி, அம்மா!"

எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினோம். அம்மாள் பதிலுக்காக நின்றுகொண்டே இருந்தாள். நாங்களும் நின்றுகொண்டிருந்ததால் அது யார் கண்ணிலும் படவில்லை.