தவளைக் கவுன்சிலர் தாவிய மூன்றாவது பக்கம்

கட்சிக்காரர்கள் என்றால் “எங்கள் பக்கம் வாருங்கள்” என்று ஆளைப் பிடித்து இழுப்பார்கள். “தயவுசெய்து எங்கள் பக்கம் வந்துவிடாதீர்கள்” என்று இரண்டு கட்சிகளும் கோயிலில் தேங்காய் உடைத்து வேண்டிக்கொண்டது உலகத்திலேயே ஒரே ஒருவரைப் பற்றித்தான். அவர் எங்கள் பிரிக்பீல்ட்ஸ் தவளைக் கவுன்சிலர்.

வெள்ளைக்காரன் காலம். மாநில சபையில் இந்தியருக்கென்று ஒரு நாற்காலி இருந்தது. எங்கள் சங்கம் பெயர் கொடுக்கும், மாநிலத்தை ஆண்ட ரெசிடென்ட் துரை நியமிப்பார். துரை எதைப் பற்றிக் கேட்டாலும் சங்கம் கூடிக் கைதூக்கித் தீர்மானிக்கும். அதைக் கவுன்சிலர் சபையில் போய்ச் சொல்லவேண்டும். சங்க மண்டபத்தில் இடப்பக்கம் கிராணிக் கட்சி, அதாவது ரயில்வே குமாஸ்தாக்கள். வலப்பக்கம் கடைக் கட்சி. வெளியே மழை பெய்கிறதா இல்லையா என்பதில்கூட இரண்டும் ஒத்துப்போனதில்லை. நான் கிராணிக் கட்சியின் கடைசி வரிசை. என் ஆபீஸ் பெரிய கிராணிதான் கட்சித் தலைவர் என்பதால், அவர் கை எழும்பினால் என் கையும் எழும்பும்.

கவுன்சிலரும் முதலில் எங்கள் ஆள்தான். கறுப்புக் கோட்டு, ஒரு குடை, பார்த்தவுடன் மறந்துபோகிற முகம். அப்போது கடைக் கட்சியில் சுருட்டுக்கடைக்காரர் ஒருவர் காலமானார். அடுத்த கூட்டத்தில் கவுன்சிலர் எழுந்தார், மண்டபத்தின் குறுக்கே நடந்தார், செத்தவருடைய நாற்காலியில் போய் உட்கார்ந்துவிட்டார்.

“என்னய்யா ஆசை காட்டுனாங்க, தவளை மாதிரி தாவிட்டே?” என்று பெரிய கிராணி கத்தினார். பெயர் அப்போது ஒட்டியதுதான்.

கவுன்சிலர் இருமினார். குட்டிக் குட்டியாக இருமி, கடைசியில் நீளமாக ஒன்று. சுருட்டுக்கடைக்காரரின் இருமல்! மண்டபம் சில்லிட்டுப்போயிற்று. “சந்தை முக்குல ஒரு விளக்கு போடுங்கன்னு எத்தனை தரம்யா கேக்கறது?” என்றார், அதே கரகரப்பில். சுருட்டு வாசனை வந்ததாகக் கடைக் கட்சிக்காரர்கள் பிறகு சொன்னார்கள். கிராணிக் கட்சியார் ஒரே குரலில் மறுத்தோம். எனக்கும் வந்தது என்பது வேறு விஷயம்.

வெளியே வந்ததும் அவரைப் பிடித்துக் கேட்டேன்.

“என்னண்ணே இது?”

“ஆஸ்பத்திரியில போய்ப் பார்த்தேன் தம்பி. விளக்கு, விளக்குன்னே போய்ட்டாரு. மனுசன் பேச்சு பாதியில நிக்குது. யாராச்சும் முடிச்சு வைக்கணும்லா?”

இருமல் மட்டும் எங்கிருந்து வந்தது என்று கேட்டேன். “இருமினேனா?” என்றார்.

சந்தை முக்கில் விளக்கு வந்தது. கொஞ்ச நாளில் எங்கள் கட்சி டிக்கட் கிராணி போய்ச் சேர்ந்தார். கவுன்சிலர் எங்கள் பக்கம் திரும்பத் தாவினார். நாங்கள் யாரும் கை தட்டவில்லை. செத்தவரைப் போலவே மூக்கால் பேசி, ரயில்வே லைன் வீடுகளுக்குத் தண்ணீர்க் குழாய் வேண்டும் என்று கேட்டார். நடுவில் பெண்கள் பக்கம் திரும்பி, “குட்டிம்மா, குடை எடுத்துட்டு வந்தியா?” என்றார். டிக்கட் கிராணியின் மனைவி வீலென்று அலறினாள். வீட்டுக்குள் மட்டும் அவளைக் கூப்பிடும் பெயராம் அது. நல்ல வெயில் அடித்துக்கொண்டிருந்தது. கூட்டம் முடிவதற்குள் மழை கொட்டித் தீர்த்தது.

அதற்குப் பிறகு ஊர் கணக்கைத் தலைகீழாகப் போட்டுவிட்டது. சாவு விழுந்தால் இவர் தாவுகிறார் என்பது போய், இவர் தாவினால் சாவு விழும் என்று ஆகிவிட்டது. ஜலதோஷத்தில் படுத்திருந்த அரிசிக்கடைக்காரர், நலம் விசாரிக்க வந்த கவுன்சிலரின் குடை வாசலில் தெரிந்ததும் எழுந்து ஓடி ஒரு மூட்டையைத் தூக்கிக் காட்டினார். கவுன்சிலர் சும்மா கால் மாற்றி உட்கார்ந்தால் போதும், எதிர்வரிசையில் எல்லோரும் தங்கள் நாடியைப் பிடித்துப் பார்ப்பார்கள்.

அந்தச் சமயத்தில்தான் இடுகாட்டுப் பிரச்சினை வந்தது. தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் ஆற்றோரத்தில் கூலிகளின் இடுகாடு. கல் கிடையாது, பெயர் கிடையாது. கிள்ளான் ரயில் பாதைக்குக் கல் போட்டுக் காய்ச்சலில் போன என் அப்பா அங்கேதான் இருக்கிறார். நான் அப்போது கைக்குழந்தை. அம்மா நட்டுவைத்த செம்பருத்திதான் அடையாளம். அந்த நிலத்தை எடுத்துக்கொள்ளலாமா என்று துரை கேட்டிருந்தார். எடுத்தால் எங்கள் கட்சிக்குப் புது வீடுகள், அவர்கள் கட்சிக்குக் கடைவரிசை கிடைக்கும். வரலாற்றில் முதன்முறையாக இரண்டு கட்சியும் ஒத்துப்போயின.

“எலும்பு என்ன, எந்திரிச்சு வந்து ஓட்டா போடப்போவுது?” என்றார் பெரிய கிராணி. இருபுறமும் கைகள் எழுந்தன. என் கை மடியிலேயே கிடந்தது. பெரிய கிராணி திரும்பி என்னைப் பார்த்தார். தூக்காவிட்டால் வேலை போகும். தூக்கினால் அப்பா போவார்.

கவுன்சிலர் எழுந்தார். எந்தப் பக்கமும் போகவில்லை. வலது காலை இழுத்து இழுத்து நடந்து, மனுக் கொடுக்க வரும் கூலிகள் நிற்கும் கதவோரத்துக்குப் போய், கோட்டைக் கழற்றித் தோளில் துண்டுபோலப் போட்டுக்கொண்டு குந்தி உட்கார்ந்தார்.

“தொரைமாரே, நாங்க போட்ட கல்லு இன்னிக்கு வரைக்கும் ஆடல. எங்களை மட்டும் எதுக்கு ஆட்டுறீங்க?”

அவர் தரையைப் பார்த்தபடி, தண்டவாளம் தூக்குகிறவர்கள்போல மெல்ல, “ஏலேலோ” என்றார்.

“ஐலசா” என்று பதில் வந்தது. கதவுக்கு வெளியிலிருந்து, பல தொண்டைகளிலிருந்து.

எட்டிப் பார்த்தேன். எங்கள் செருப்புகள் மட்டும் மழையில் நனைந்துகொண்டிருந்தன. திரும்பியபோது உயர்ந்த கைகள் ஒவ்வொன்றாக இறங்கிக்கொண்டிருந்தன. கடைசியாகப் பெரிய கிராணியின் கையும்.

வீட்டுக்குப் போய் அம்மாவிடம் நடந்ததைச் சொன்னேன். அம்மா கிண்டிக்கொண்டிருந்த அகப்பையை நிறுத்தினாள்.

“எந்தக் காலுடா இழுத்தாரு?”

“வலது.”

அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வாசலில் போய் நின்றுகொண்டாள். அப்பாவின் காலைப் பற்றி எனக்கு அதுவரை தெரியாது.

சங்கம் மறுத்துவிட்டதைக் கவுன்சிலர் சபையில் போய்ச் சொன்னார், இடுகாடு தப்பித்தது, அவர் நாற்காலி தப்பவில்லை. அடுத்த முறை அவர் பெயரை இரண்டு கட்சியும் கொடுக்கவில்லை. அவர் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவுமில்லை. பதவி இல்லாமலே கதவோரத்தில் வந்து குந்திக்கொண்டு, “ஆடு மேயுதுங்க, இடுகாட்டுக்கு ஒரு வேலி போடணும்” என்று ஒவ்வொரு கூட்டத்திலும் கேட்பார். கேட்டுக்கொண்டே ஒரு மழைக்காலத்தில் போய்விட்டார். அவர் கேட்டுக்கொண்டபடியே ஆற்றோரத்தில் கூலிகளோடு புதைத்தோம்.

இரங்கல் கூட்டத்தில் யார் பேசுவது என்று சண்டை. “உங்க ஆளுதானே, நீங்க பேசுங்க” என்றது எங்கள் கட்சி. “நல்லா இருக்கே, கடைசியில உங்ககிட்டதானே இருந்தாரு!” என்றது கடைக் கட்சி.

ஊரில் செத்தவர்களையெல்லாம் உயிரோடு கொண்டுவந்த மனிதர். அவரைப் போல ஒருமுறை செய்து காட்டலாம் என்று யோசித்தேன். எப்படி? அவர் இருமல் சுருட்டுக்கடைக்காரருடையது. மூக்குப் பேச்சு டிக்கட் கிராணியுடையது. இழுத்த கால் என் அப்பாவுடையது. அவருக்கென்று சொந்தமாக இருந்தது ஒன்றே ஒன்றுதான்.

எழுந்தேன். பெரிய கிராணி பார்க்கப் பார்க்க மண்டபத்தின் குறுக்கே நடந்து, கதவோரத்தில் போய்க் குந்தி உட்கார்ந்தேன். “வேலி போடணும்னு எத்தனை தரம்யா கேக்கறது?” என்றேன்.

என் ஆயுளில் நான் கட்சி மாறியது அந்த ஒரு தடவைதான். அந்த மனிதருக்காக மாறினேன். திரும்பிப் போக மனசு வரவே இல்லை.