காங்கேயத்துத் தாளக்காரர்

"டாக்டரே, பின்னிட்டீக! அந்தத் தாளத்தை யாரு வாசிச்சது?"

சென்னையிலிருந்து இயக்குநர் பாண்டித்துரை போனில் கத்தினார். டாக்டர் அர்த்தநாரி அப்போது ஒரு காய்ச்சல்காரப் பெண்ணுக்கு மாத்திரை எழுதிக்கொண்டிருந்தார். காலையில் அனுப்பிய மெட்டில் புல்லாங்குழலும் வயலினும்தான் இருந்தன. தாளம் என்ற ஒன்றை அவர் போடவே இல்லை.

"எந்தத் தாளமுங்க?"

"என்ன டாக்டரே தெரியாத மாதிரி! தடக்குங்குது, ஓடுது, சட்டுனு நிக்குது, செத்தோம்டான்னு நெனைக்கறப்ப மறுபடி துள்ளிக் கெளம்புது. படம் முழுக்க என் ஹீரோ பயந்துக்கிட்டே இருக்கான்ல, அந்தப் பயம் அப்படியே அதுல இருக்கு. இதுதான் நம்ம தீம்! இன்னும் நாலு நிமிஷம் வேணும். ராத்திரிக்குள்ள அனுப்புங்க. தயாரிப்பாளர் வேற ஆளைப் போடலாமான்னு கேட்டுக்கிட்டிருந்தவரு, இதைக் கேட்டு வாயை மூடிட்டாரு."

போனை வைத்ததும் அர்த்தநாரி தான் அனுப்பியதைத் திறந்து பார்த்தார். அது மெட்டு இல்லை. ஒரு மனுஷனுடைய நெஞ்சுத் துடிப்பு.

அதே நேரத்தில் கோவையிலிருந்து இதய மருத்துவ நண்பரின் குறுஞ்செய்தி வந்து விழுந்தது. 'நோயாளியின் இதயத்தை அனுப்புகிறேன் என்றாய். வயலின் வந்திருக்கிறது. நன்றாகத்தான் இருக்கிறது. புல்லாங்குழல் கொஞ்சம் தூக்கல்.'

அர்த்தநாரிக்கு இரண்டு தொழில். திருப்பூரில் பனியன் கம்பெனிகளுக்கு நடுவே கிளினிக். அதன் பின்பக்கம், பழைய எக்ஸ்ரே அறையில், சத்தம் வெளியே போகாத சுவர்களுக்குள் கீபோர்டும் கம்ப்யூட்டரும். பகலில் முன்பக்கம், மற்ற நேரமெல்லாம் பின்பக்கம். தூக்கத்துக்கு என்று தனிப்பக்கம் கிடையாது. இதுவரை மூன்று படங்களுக்கு இசையமைத்திருந்தார். ஒன்று வெளிவந்தது, ஒன்று வெளிவந்ததே தெரியாமல் போனது, மூன்றாவது இன்னும் பெட்டியில் இருந்தது. திருப்பூரில் அவரைப் பற்றிக் கேட்டால், "நல்லாப் பாட்டுப் போடுவாருங்க" என்பார்கள். சென்னையில் கேட்டால், "ரொம்பக் கைராசியான டாக்டர் சார்" என்பார்கள். எந்த ஊரில் எந்த வேலையைச் செய்கிறாரோ அந்த வேலையை அந்த ஊரில் யாரும் பாராட்டியதில்லை. இன்றுதான் முதன்முதலாக ஒருவர் அவர் இசையைக் கேட்டுத் துள்ளியிருக்கிறார். அந்த இசையும் அவருடையது இல்லை.

உண்மையைச் சொல்லிவிடலாம் என்று பாண்டித்துரைக்குப் போன் போட்டார்.

"டாக்டரே, வாசிச்ச ஆளு பேரைச் சொல்லுங்க, மொதல்ல!" என்று எடுத்த எடுப்பிலேயே அவர் கேட்டார்.

"வெள்ளியங்கிரிங்க. காங்கேயத்துக்காரர்" என்று வாய் சொல்லிவிட்டது.

"வெள்ளியங்கிரி! பேரே தாளக்கட்டோட இருக்கே! டைட்டில்ல தனி கார்டு போடுறோம். அவரை நாளைக்கே மெட்ராஸ் கூட்டியாங்க!"

அர்த்தநாரி வேர்வையைத் துடைத்துக்கொண்டார். வெள்ளியங்கிரி காங்கேயத்தில் தேங்காய் எண்ணெய் மில் வைத்திருப்பவர். பிறந்ததிலிருந்து எதையும் தட்டியவர் இல்லை, தேங்காயைத் தவிர. நெஞ்சு கரிக்கிறது என்று காலையில் வந்திருந்தார். நெஞ்சுச் சத்தத்தைச் செல்போனில் பதிந்துகொள்ளும் புது ஸ்டெதஸ்கோப் அன்றுதான் வந்திருந்தது. அதை எடுத்து வைக்கும்போதே பாண்டித்துரையின் போன் வந்துவிட்டது. மெட்டு எங்கே, மெட்டு எங்கே என்று அவர் பிடுங்கிய பிடுங்கலில், "கேஸ் ட்ரபிள்தானுங்க" என்று சொல்லி மாத்திரை கொடுத்து அனுப்பியாகிவிட்டது. பிறகு, எதற்கும் கோவை நண்பர் ஒரு பார்வை பார்க்கட்டும் என்று போனில் இருந்த பதிவை அனுப்பினார். மெட்டையும் அனுப்பினார். இரண்டும் இடம் மாறிப் போயிருந்தன.

இப்போது அந்தத் துடிப்பை மறுபடி போட்டு, இந்த முறை டாக்டராகக் கேட்டார்.

இது நல்ல நெஞ்சே இல்லை. ஓடுகிறது, தடுக்குகிறது, ஒரு அடியை விழுங்கிவிட்டு அடுத்த இரண்டைச் சேர்த்து அடிக்கிறது. இந்த நெஞ்சை வைத்துக்கொண்டு ஒரு மனுஷன் நடமாடுகிறார். அவருக்கு இவர் கேஸ் மாத்திரை கொடுத்திருக்கிறார்.

சரியான பதிவைக் கோவைக்கு அனுப்பினார். நண்பர் உடனே கூப்பிட்டார். "யாருய்யா இது? உடனே ஈசிஜி எடு. வந்து வந்து போற கோளாறா இருக்கும் போல. மாடிப்படி ஏறவிடாதே, கோவப்படவிடாதே, தூங்கச் சொல்லு. இன்னிக்கே கூட்டிட்டு வா."

வெள்ளியங்கிரி வீட்டுக்குப் போன் போட்டார். மருமகள் கோமளா எடுத்தாள்.

"ஒண்ணும் பயப்படாதீங்கம்மா" என்று ஆரம்பித்தார் அர்த்தநாரி.

டாக்டர் ஒருவர் போன் போட்டு ஒன்றும் பயப்படாதீர்கள் என்று சொன்னால் குடும்பம் எப்படிப் பயப்படும் என்பதை அவருடைய படிப்பில் யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.

"ஐயோ! மாமாவுக்கு என்னாச்சுங்க?"

"ஒண்ணுமில்லீங்க. அவரை நடக்கவிடாதீங்க. படி ஏறவிடாதீங்க. நான் இப்பவே கெளம்பி வர்றேன்."

எதிர்முனையில் கோமளா போனைக் கீழே போட்ட சத்தமும், அதைத் தொடர்ந்து ஒரு ஓலமும் கேட்டன.

நர்ஸ் பிரிசில்லா கையடக்க ஈசிஜி பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு காரில் ஏறினாள். கிளினிக்கில் காத்திருந்தவர்கள், "டாக்டர் பாட்டுக்குப் போறாராட்டம்" என்று பேசிக்கொண்டது அர்த்தநாரியின் காதில் விழுந்தது.

ஊரைத் தாண்டுவதற்குள் பாண்டித்துரை மறுபடி வந்துவிட்டார்.

"தாளக்காரரு கெடைச்சாரா டாக்டரே?"

"அங்கதானுங்க போயிட்டிருக்கேன். படுத்திருப்பாருங்க."

"எழுப்பி வாசிக்கச் சொல்லுங்க!"

"அவருக்கு உடம்பு சரியில்லீங்க."

"கலைஞன்னா அப்படித்தான் இருப்பாங்க. உடம்பு சரியானதும் அந்தத் துடிப்பு போயிரும். சரியாகறதுக்குள்ள எடுத்துருங்க!"

அர்த்தநாரி போனை வைத்தார். பாண்டித்துரை சொன்னதில் மருத்துவ ரீதியாக ஒரு தப்பும் இல்லை. அதுதான் அவரைக் குடைந்தது. கடவுளே, அந்த மனுஷனுக்கு ஒன்றும் ஆகக் கூடாது என்று வேண்டிக்கொண்டார். அடுத்த மூச்சிலேயே, போய்ச் சேரும் வரைக்கும் அந்தத் தாளம் அப்படியே இருக்கட்டும் என்றும் வேண்டிக்கொண்டார். இரண்டாவது வேண்டுதலைத் திரும்பப் பெற்றுக்கொள்ள நினைத்தார். மனசு வரவில்லை. வண்டியை இன்னும் வேகமாக ஓட்டினார்.

"மெதுவாப் போங்க சார். உங்க மூஞ்சியே சரியில்லீங்க" என்றாள் பிரிசில்லா.

"தூக்கமில்லம்மா, அவ்வளவுதான்."

வீட்டை ஒட்டிய எண்ணெய் மில் வாசலில் செருப்பு வைக்க இடமில்லை. செக்குகள் நின்றுவிட்டிருந்தன. தாராபுரத்திலிருந்து சம்பந்தி வீடு வந்து இறங்கியிருந்தது. கொப்பரை காயும் களத்தில் நின்றிருந்த வெள்ளியங்கிரியை நாலு பேர் கட்டிலில் கிடத்தித் தூக்கி வந்து ஆபீஸ் அறையில் போட்டிருந்தார்கள். சொந்தக்காரர் ஒருவர், எதற்கும் இருக்கட்டும் என்று பந்தல்காரருக்குச் சொல்லிவிட்டிருந்தார். கட்டிலின் நடுவில் வெள்ளியங்கிரி திருதிருவென்று விழித்துக்கொண்டு படுத்திருந்தார்.

"டாக்டருங்க, எனக்கு என்னதானுங்க ஆச்சு? காத்தால உங்க மாத்தரையப் போட்டதும் ஏப்பம் வந்துச்சு, சரியாப் போச்சு. இவங்க என்னை எந்திரிக்கவே உடமாட்டீங்கறாங்க."

"பேசாதீங்க அய்யா" என்றார் அர்த்தநாரி.

"பேசக்கூட வேண்டாமாம்!" என்று கோமளா வாயில் முந்தானையைப் பொத்திக்கொண்டு அழுதாள்.

பிரிசில்லா ஒயர்களை ஒட்டினாள். பெட்டியிலிருந்து காகிதம் ஊர்ந்து வந்தது. அர்த்தநாரி அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார், திருப்பிப் பார்த்தார். பள்ளிக்கூடப் பையன் ஸ்கேல் வைத்துப் போட்ட மாதிரி அத்தனை ஒழுங்கு. புது ஸ்டெதஸ்கோப்பை வைத்தார். லப் டப், லப் டப். வங்கியில் மாட்டியிருக்கும் சுவர்க் கடிகாரம் மாதிரி ஒரு நெஞ்சு.

"அடச்சே!" என்றார் அர்த்தநாரி.

அறையில் இருந்த அத்தனை பேரும் அவரைப் பார்த்தார்கள்.

"நல்லா இருக்குதுங்க, அதைச் சொன்னேன்" என்று சமாளித்தார்.

மனசு கேட்காமல், அந்தத் துடிப்பையும் பதிந்து, ஒதுங்கி நின்று சென்னைக்கு அனுப்பினார். பாண்டித்துரை ஒரே நொடியில் கூப்பிட்டார். "இது என்ன டாக்டரே, கவர்மெண்ட் ஆபீஸ்ல பியூன் நடக்குற மாதிரி? காலைல வாசிச்ச ஆளு எங்க? டூப்பு ஆளை வச்சு என்னை ஏமாத்தாதீக! ராத்திரிக்குள்ள வரலைன்னா தயாரிப்பாளரு சொன்ன ஆளுதான்."

கோளாறு வந்து வந்து போகும் என்று கோவை நண்பர் சொன்னாரே! கொஞ்சம் சிரமப்பட்டால் வெளியே வரும். டாக்டர் பக்கத்தில் இருக்கும்போதே வந்துவிட்டால் நல்லதுதானே? அப்படிக் கேட்டது தனக்குள் இருந்த டாக்டரா, மற்றவனா என்று அர்த்தநாரிக்கே தெரியவில்லை. கேட்டவன் எவனாக இருந்தாலும் வாய் அவருடையதுதான்.

"அய்யா, இந்த மாடிப்படியை ஒருக்கா ஏறி எறங்கறீங்களா? நான் கூடவே வர்றேன்."

"படியே ஏறக்கூடாதுன்னு நீங்கதானுங்களே சொன்னீங்க!" என்று கோமளா குறுக்கே வந்தாள்.

"அது அப்பங்க. இது டெஸ்ட்டுங்க."

வெள்ளியங்கிரி ஜெயிலிலிருந்து விட்டவர் மாதிரி எழுந்து படியேறினார். அவர் நெஞ்சில் வைத்த கருவி நழுவாமல் பிடித்துக்கொண்டு அர்த்தநாரி பின்னாலேயே ஏறினார். மேலே போனதும், "இன்னொருக்காப் போலாமுங்களா?" என்று வெள்ளியங்கிரி உற்சாகமாகக் கேட்டார். போனார்கள். மூன்றாவது முறையும் போனார்கள். லப் டப், லப் டப். அர்த்தநாரிக்குத்தான் மூச்சு வாங்கியது. சுவரில் சாய்ந்துகொண்டார். கண் முன்னால் பூச்சி பறந்தது.

"பாத்துங்க டாக்டருங்க" என்று வெள்ளியங்கிரி அவர் கையைப் பிடித்து இறக்கிக்கொண்டுவந்து, தான் போய்க் கட்டிலில் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டார்.

கோமளாவின் அழுகை நின்று, கோபம் ஏறியிருந்தது. "ஏனுங்க டாக்டர், குண்டுக்கல்லாட்டம் இருக்கற மனுசனைப் படுக்கப் போட்டு, மில்லை நிறுத்தி, ஊரைக் கூட்டி... இதெல்லாம் என்னங்க? நீங்க பாட்டு வேலையா வந்தீங்களா, வைத்தியத்துக்கு வந்தீங்களா?"

வாழ்க்கையில் அவரிடம் யாரும் கேட்டிராத அளவுக்குச் சரியான கேள்வி அது. அர்த்தநாரியின் காது மடல் சுட்டது. இசை போனால் போகட்டும், டாக்டர் என்ற பேராவது மிஞ்ச வேண்டும்.

"நான் பொய் சொல்லலீங்க. காலையில பதிஞ்சது என்கிட்ட இருக்குது. இதைக் கேட்டா எந்த டாக்டரா இருந்தாலும் இப்படித்தானுங்க ஓடி வந்திருப்பாங்க. நீங்களே கேளுங்க."

போனின் சத்தத்தை முழுசாக வைத்து அந்தப் பதிவைப் போட்டார்.

தடக், தடக்தடக், ஒரு வெற்றிடம், பிறகு துள்ளல். சம்பந்தி அம்மாள் நெஞ்சில் கை வைத்துக்கொண்டார். வெள்ளியங்கிரியின் முகம் முதன்முறையாக வெளுத்தது.

"இதுங்களா என்னோடது?"

"ஆமாங்க அய்யா. இந்த நெஞ்சை வெச்சுக்கிட்டு மனுஷன் ஒரு நிமிஷம்கூட ஓடியாடக் கூடாதுங்க. உடனே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போயாகணும்."

ஒயர்களைச் சுருட்டிக்கொண்டிருந்த பிரிசில்லா அந்தப் பதிவை அப்போதுதான் முதல்முதலாகக் கேட்டாள். எழுந்து வந்து, அர்த்தநாரியின் கையிலிருந்து போனை வாங்கித் திரையில் அது பதிவான நேரத்தைப் பார்த்தாள். பிறகு அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

"சார், அய்யாவுக்கு வெக்கறப்பத்தான் போன் வந்து பதியாமப் போச்சுங்களே, இது காத்தால பெட்டியப் பிரிச்சதும் வேலை செய்யுதான்னு உங்க நெஞ்சுல வெச்சுப் பாத்தீங்களே, அதுங்க... அய்யா, நீங்க கொஞ்சம் எந்திரிச்சு, எங்க சாருக்கு அந்தக் கட்டிலக் குடுங்க."