கடல் இல்லாத துறைமுகத்தில் பொது அறிவுத் தேர்வு

கடல் இருக்கிற ஊரில் துறைமுகம் நடத்துவது ஒரு காரியமா? தண்ணீர் தானாக வரும், கப்பல் தானாக மிதக்கும், அதிகாரி காற்று வாங்கலாம். கடல் அறுபது கிலோமீட்டர் பின்வாங்கிப் போன பிறகும் ஒரு நாள்கூடக் கதவைச் சாத்தாமல் துறைமுகம் நடத்திய பெருமை, ஆரல் கடலின் தென்கரையில் எங்கள் அலுவலகத்துக்கு மட்டுமே உண்டு. அடியேன் அதன் செயலாளன்.

துறைமுகத் தலைவர் பாரக்கத் அகா, அதாவது பாரக்கத் அண்ணன், தினமும் காலை வெண்தொப்பி அணிந்து அறிக்கை சொல்வார். "வந்த கப்பல் இல்லை. புறப்பட்ட கப்பல் இல்லை. விபத்து இல்லை." நான் எழுதிக்கொள்வேன். விபத்தே நடக்காத துறைமுகம் என்று மூன்று வருடம் தொடர்ந்து செங்கொடிப் பரிசு வாங்கினோம். நான்காவது வருடம், 1986இல், தலைநகரிலிருந்து சுற்றறிக்கை வந்தது. கடல்சார் ஊழியர் அனைவருக்கும் பொது அறிவுத் தேர்வு. பகுதி ஒன்று, கப்பற்படை வரலாறு. பகுதி இரண்டு, இயற்கை உலகம். தேறாதவரின் பதவி ரத்து.

தேர்வாளராக வந்தவர் தோழர் எஸ்பெர்கென். முப்பது வயதுக்குள் நீச்சலைப் பற்றி இரண்டு நூல் எழுதியவர். அவருக்கு நீந்தத் தெரியாது என்பது பொறாமைக்காரர்களின் பேச்சு.

பாரக்கத் அகா வெளுத்து வாங்கினார். ஒற்றைக் கையோடு போரில் வென்ற தளபதி யார், எந்தக் கப்பல் எந்த விரிகுடாவில் மூழ்கியது, நீலத் திமிங்கிலத்தின் நாக்கு எத்தனை கனம், எல்லாம் நாக்கு நுனியில். மூன்று வாரமாக ஊழியர்கள் அவருக்கு மனப்பாடம் செய்ய உதவியதில் அலுவலகப் பணி எதுவும் கெடவில்லை. கெடுவதற்கு எதுவும் இருக்கவில்லை.

கடைசியாகக் கலங்கரை விளக்கக் காவலர் குலாயிம் வந்தாள். ஐம்பது வயது. புருஷனோடு இருபது வருடம் மீன்பிடிப் படகில் போனவள். அவர் இறந்த பிறகு விளக்கைப் பார்த்துக்கொண்டாள். கப்பல்தான் இல்லையே, விளக்கு எதற்கு என்று கேட்பீர்கள். காய்ந்த கடலடியின் குறுக்கே லாரிகள் போகும். பட்டப்பகலில் உப்புப் புழுதி கிளம்பினால் ஓட்டுநருக்குத் தன் கைகூடத் தெரியாது. அந்த விளக்கைப் பார்த்துத்தான் கரையேறுவார்கள். இது எங்கள் கோப்பில் இல்லாத பயன் என்பதால் நாங்கள் கண்டுகொள்வதில்லை.

"ஆக்டோபஸுக்கு இதயம் எத்தனை?" என்றார் தேர்வாளர்.

"நான் அத பாத்ததே இல்ல தம்பி. கெண்டைக்கு ஒண்ணுதான். அதுவும் இங்க நின்னு போச்சு."

"மூன்று! தவறு. ஆரல் கடலின் அதிகபட்ச ஆழம்?"

"எந்த இடத்துல? போன வாரம் லாரியில போய்ப் பாத்தேன். தண்ணிக்குள்ள அரை நாள் நடந்தேன், கெண்டைக்காலுக்கு மேல ஏறல."

"அறுபத்தெட்டு மீட்டர். விடைத்தாளில் அச்சாகியிருக்கிறது."

"அப்ப அந்தத் தாளுலயே வலை போடுங்களேன். நல்லா மீன் விழும்."

பாரக்கத் அகா பதறிப்போனார். "குலாயிம், வாய மூடு தாயி. வேல போயிடும்."

"போனா உங்களுக்கென்ன அகா? விளக்கு அணைஞ்சா புழுதியில நிக்கறது நீங்களா?"

தேர்வாளர் பென்சிலைத் தட்டினார். "கடைசிக் கேள்வி. ஒரே தடவையில் மிக அதிகமாகத் தண்ணீர் குடிக்கும் விலங்கு எது?"

எல்லாருக்கும் உயிர் வந்தது. ஒட்டகத்தோடு வளர்ந்த எங்கள் கரகல்பாக் இனத்தில் இது தெரியாதவர் யாராவது உண்டா? பாரக்கத் அகா அவளுக்குக் காட்டுவதற்காகக் கழுத்தை நீட்டி, உதட்டைத் தொங்கப்போட்டு, அசைபோட்டே காட்டினார்.

"பருத்தி," என்றாள் குலாயிம்.

"அது விலங்கே இல்லை!"

"அப்படின்னா அத நட்டுக் கணக்குக் காட்டினவங்க."

யாரோ சிரித்தார்கள்; உடனே இருமலாக மாற்றிக்கொண்டார்கள். நான் அதை "இருமல்" என்றே குறிப்பில் எழுதினேன். தேர்வாளர் எழுந்து "தேறவில்லை. விளக்கு இன்றோடு நிறுத்தப்படுகிறது. சாவியை வையுங்கள்" என்று தீர்ப்புச் சொன்னார்.

அவள் சாவியை எடுக்கவில்லை. "இத்தன கேள்வி கேட்டீங்க. நான் ஒண்ணு கேக்கலாமா?"

"சுருக்கமாக."

"ஒரு துறைமுகத்துல இருந்த அத்தன கப்பலும் ஒண்ணு விடாம தோத்துச்சு. ஒரு குண்டு வெடிக்கல. எந்தப் போரு?"

"நவரினோ!" என்று கத்தினார் பாரக்கத் அகா.

"அங்கே பீரங்கி முழங்கியது," என்றார் தேர்வாளர். "சினோப்பிலும்தான். குண்டே வெடிக்கவில்லையா?" அவர் உண்மையாகவே யோசித்தார். நெற்றி வியர்த்தது. அறிவாளிக்கு அதுதான் அழகு.

குலாயிம் போய் ஜன்னலைத் திறந்தாள். வெளியே மணலில் பதினொரு படகுகள் துருப்பிடித்துச் சாய்ந்து கிடந்தன. ஒன்றின் நிழலில் பசு படுத்திருந்தது.

"அந்த மூணாவது எங்களோடது," என்றாள். "எதிரித் தளபதி யாரு? பேரு மட்டும் சொல்லுங்க. சாவிய வச்சிட்டுப் போயிடறேன்."

தேர்வாளர் ஜன்னலைச் சாத்தச் சொல்லி, "இந்தக் கேள்வி பாடத்திட்டத்தில் இல்லை" என்றார்.

"அப்ப சாவியும் இல்ல," என்று சொல்லிவிட்டு அவள் நடந்தாள்.

அன்று முதல் கோப்பின்படி அந்த விளக்கு எரிவதில்லை. லாரிக்காரர்கள் கோப்பு படிப்பதில்லை. ஆளுக்கொரு டப்பா டீசல் கொண்டுபோய்க் கொடுக்கிறார்கள், புழுதி நாளில் அந்த வெளிச்சத்தைப் பிடித்துக்கொண்டு வீடு சேர்கிறார்கள். தேர்வாளர் பதவி உயர்வு பெற்றார். பாரக்கத் அகாவுக்குப் பொது அறிவுப் பதக்கம்.

என் குறிப்பேட்டில் கடைசி வரி இது: "தோழர் குலாயிமின் கேள்விக்கு, அறையிலிருந்த எவருக்கும் விடை தெரியவில்லை."

எனக்குத் தெரியும். துறைமுகத்துக்கு மாற்றலாகி வருவதற்கு முன் பதினொரு வருடம் நான் கால்வாய் இலாகாவில் இருந்தேன். ஆற்றைப் பருத்திக்குத் திருப்பும் மதகு உத்தரவுகளில் என் கையெழுத்துதான் எல்லாருடையதையும்விட அழகு.