நூர் பாஷா பெங்களூரைப் பிடித்த படலம்

வாழ்க நூர் பாஷா! கோணிய ரிம்மைக் கண்ணாலேயே நிமிர்த்தும் கோமகனே, காற்றுப்போன ட்யூபுகளுக்கெல்லாம் உயிர்மூச்சு வழங்கும் வள்ளலே, தர்மபுரி ஜில்லா பாப்பாரப்பட்டிச் சந்தைத் தெருவில் வாடகைக்கு ஓடும் பன்னிரண்டு சைக்கிள்களுக்கும் ஓடாமல் சாய்ந்து கிடக்கும் நான்கு சைக்கிள்களுக்கும் தனிப்பெருந்தலைவனே, வாழ்க! வானவெளியெங்கும் கண்ணுக்குத் தெரியாமல் புரண்டுகொண்டிருக்கும் மீடியம் வேவ் என்னும் பேரலைக் கடலே, நீயும் வாழ்க! அன்று அந்த மாவீரனை நீ படுத்திய பாட்டைத்தான் சொல்லப் புகுந்திருக்கிறோம். சொல்லி முடிக்கும்வரையாவது கரகரக்காமல் கேட்டுக்கொண்டிரு.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்து நான்கு, மாசி மாதத்து ஞாயிற்றுக்கிழமை. போருக்குக் காரணம் மண்ணும் அல்ல, பெண்ணும் அல்ல, ஒரு பெயர். நூர் பாஷாவின் தம்பி ஜமீர், சும்மா இருக்கத் தெரியாத கால்களை உடையவன், மூன்றாண்டுகளுக்கு முன் பெங்களூருக்குப் பஸ் ஏறினான். அங்கே நந்தி மில் என்ற ஆலையின் கால்பந்து அணியில் இடம்பிடித்தான். நூல் நூற்க வேண்டாம், தறி ஓட்ட வேண்டாம், பந்தை உதைத்தால் போதும், மாதம் பிறந்தால் சம்பளம் என்று கடிதம் எழுதினான். அண்ணன் அந்தக் கடிதத்தைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, பஞ்சர் ஒட்ட வந்தவர்களுக்கெல்லாம் படித்துக் காட்டினார். ஒருவரும் நம்பவில்லை.

நம்பாதோர் சேனைக்குத் தளபதி, எதிர் டீக்கடைத் தீர்த்தகிரி. கண்ணாடித் தம்ளரையும் சந்தேகத்தையும் ஒரே உயரத்தில் தூக்கி ஆற்றுகிற வல்லாளன். "பந்த ஒதைக்கறதுக்கு எவன் சம்பளம் குடுப்பான்? பையன் எங்கியோ ஓட்டல்ல தட்டு கழுவறான். அண்ணங்கிட்ட சொல்ல வெக்கப்பட்டுக்கிட்டு இப்பிடி எழுதறான், பாவம்!" என்று அவர் ஊரறிய முழங்கினார். அந்தப் 'பாவம்'தான் நூர் பாஷாவின் நெஞ்சில் தைத்தது. தாய் தகப்பன் இல்லாத பையனைத் தோளில் தூக்கி வளர்த்தவர் அவர். தம்பியைப் பொய்யன் என்றிருந்தால் சண்டை போட்டிருப்பார். பாவம் என்பவனோடு எப்படிச் சண்டை போடுவது?

அந்த நேரத்தில்தான் ஜமீரின் அடுத்த கடிதம் வந்தது. ஞாயிறு மாலை நான்கு மணிக்கு நந்தி மில்லுக்கும் ஒரு கல்கத்தா அணிக்கும் இறுதி ஆட்டம், பெங்களூர் ரேடியோவில் அப்படியே சொல்வார்கள், கேளுங்கள் அண்ணா என்று எழுதியிருந்தான். நூர் பாஷா கடைவாசலில் எழுந்து நின்றார். காற்றடிக்கும் பம்பை வாள்போல் ஊன்றினார். "ஞாயித்துக்கெழம நாலு மணிக்கு எல்லாரும் எங்கடைக்கு வாங்க. எந்தம்பி பேர ரேடியோ சொல்லும். சொல்லலைன்னா இந்தத் தெருவுல இனிமே நான் வாயே தெறக்க மாட்டன்!" என்று சூளுரைத்தார். பேச ஆள் கிடைக்காத மதிய வேளைகளில் சைக்கிள் செயினோடு பேசுகிறவர் இப்படி ஒரு சபதம் செய்ததைக் கேட்டு அவர் மனைவி நசீம் பானுவே ஒரு கணம் கலங்கிப்போனாள்.

சபதம் எளிது, பெங்களூரைப் பிடிப்பது அரிது. நூர் பாஷாவிடம் இருந்தது நாலு செல் போட்ட, தோலுறை தரித்த, ஒரு பக்கம் தட்டினால் மறுபக்கம் பாடும் ரேடியோ. அது இலங்கையை அழைக்காமலேயே கொண்டுவரும்; திருச்சியைத் தலையில் தட்டினால் தரும்; பெங்களூரை மட்டும் கிணற்றுக்குள் விழுந்தவன் கூப்பிடுவதுபோல்தான் கேட்கவைக்கும். மாவீரன் அயர்ந்தானா? இல்லை. ரேடியோவைக் கூரைமேல் ஏற்றினார், பித்தளை அண்டாவுக்குள் இறக்கினார், எட்டுத் திசையிலும் திருப்பினார், பழைய ரிம்மை ஏரியலோடு கட்டித் தானே தலைமேல் பிடித்துக்கொண்டு நின்றார். பெங்களூர் அசையவில்லை. கடைசியில் வெள்ளிக்கிழமை பிற்பகல், கடைக்குப் பின்னால் இருந்த பொதுக்களத்தில், முருங்கை மரத்திலிருந்து வேப்பங்கம்புவரை முப்பது அடி நீளத்துக்கு இழுத்துக் கட்டியிருந்த துணி காயப்போடும் கொடிக்கம்பியில், ஒரு பிரேக் ஒயரால் ஏரியலைக் கோத்துப் பார்த்தார். பக்கத்து அறையில் உட்கார்ந்து பேசுவதுபோல் பேசியது பெங்களூர்! நூர் பாஷா அந்த இடத்திலேயே கண்ணை மூடி இறைவனுக்கு நன்றி சொன்னார்.

அன்று வெள்ளிக்கிழமை, குழாயில் தண்ணீர் வராத நாள் என்பதையும், அதனால்தான் கொடி காலியாக இருந்தது என்பதையும் அவர் யோசிக்கவில்லை. நாலு நாளைக்கு ஒருமுறை தண்ணீர் வரும் தெருவில் எந்தப் பிள்ளையும் செய்யாத பிழை அது.

ஞாயிறு மாலை மூன்றரை. ரேடியோவைச் சுமந்துகொண்டு களத்துக்குள் அடியெடுத்து வைத்த நூர் பாஷா திகைத்து நின்றார். கொடிக்கம்பியின் உடைமைக்காரியும், லாரி ஓட்டும் மாயவனின் மனைவியும், நாலு நாள் அழுக்கை நாலு நாழிகையில் வெளுப்பவளுமாகிய சென்னம்மாள் அங்கே நால்வகைப் படையையும் அணிவகுத்து நிறுத்தியிருந்தாள். யானைப்படையாக ஒரு பவானி ஜமுக்காளம், தேர்ப்படையாக ஆறு புடவைகள், குதிரைப்படையாகப் பாவாடைகள், காலாட்படையாகத் துண்டுகளும் தலையணை உறைகளும் என்று சொட்டச் சொட்ட நின்ற அந்தச் சேனையின் பாரம் தாங்காமல் கம்பி தொய்ந்து, குளியலறைத் தகரத்தைத் தொட்டுக்கொண்டு கிடந்தது. நூர் பாஷா பிரேக் ஒயரைக் கோத்தார். ரேடியோவிலிருந்து கடுகு பொரியும் சத்தம் மட்டும் வந்தது.

"சென்னம்மாக்கா, ஒரு ரெண்டு மணி நேரம் துணிய எடுத்துக்கிறீங்களா?"

"எடுத்து எங்க போடறதுங்க பாய், உங்க சைக்கிளு மேலயா? மறுபடி தண்ணி வியாழக்கெழமதான் வரும். நாளைக்குக் கட்டிக்கிட்டுப் போறதுக்கு ஒரு துணி இல்ல வூட்டுல."

நியாயம் அவள் பக்கம் இருந்தது. பெருவீரர்களுக்கு இதுதான் பெருந்தொல்லை. நூர் பாஷா முதலில் தந்திரப் போர் தொடுத்தார். ஒரு மூங்கில் கவையால் கம்பியைத் தூக்கி நிறுத்தினார். யானை நகர்ந்தது, தேர்கள் சரிந்தன, ஆறு புடவைகளும் ஒரு பாவாடையும் அவர் தலைமேல் வந்து ஒன்றாகச் சேர்ந்தன. ஈரச் சேனையின் நடுவில் சிக்கி வெளியேற வழி தெரியாமல் அந்த வீரன் சுழன்ற சுழற்சியை, சொன்ன நேரத்துக்கு வந்து நின்ற தீர்த்தகிரியும் பத்துப் பன்னிரண்டு பேரும் களத்தின் ஓரத்திலிருந்து பார்த்தார்கள். "பாய், இதுதான் பெங்களூருங்களா?" என்றார் தீர்த்தகிரி. எல்லோரும் சிரித்தார்கள். மணி நான்கு அடிக்க ஐந்து நிமிடம் இருந்தது. நூர் பாஷாவுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

அப்போது நசீம் பானு நடுவே வந்தாள். கணவனின் தலையிலிருந்த பாவாடையை எடுத்துத் தீர்த்தகிரியின் கையில் கொடுத்தாள். "சும்மாதான நிக்கறீங்க? ஆளுக்கு ஒண்ணு விரிச்சுப் புடிங்க. வெயிலு இருக்குது, காஞ்சிரும். கம்பியும் லேசாயிரும்" என்று அந்த அறிவிற்சிறந்தாள் சமாதானம் அறிவித்தாள். சென்னம்மாள் யோசித்தாள். ஒரு துணிகூட மண்ணில் படக் கூடாது, பட்டால் நூர் பாஷா தன் கையால் துவைத்துத் தர வேண்டும் என்ற நிபந்தனையோடு ஒப்பினாள். பாப்பாரப்பட்டி அதற்கு முன்பும் பின்பும் கண்டிராத காட்சி அது: தம்பியின் பெயரைச் சோதிக்க வந்த ஆடவர் பன்னிருவரும், மேற்கு வெயிலைப் பார்த்து வரிசையாக நின்று, ஆளுக்கொரு ஈரத்துணியை விரித்துப் பிடித்துக்கொண்டு, மூச்சுக்கூடப் பலமாக விடாமல் கால்பந்து கேட்கத் தயாரானார்கள். ஜமுக்காளத்தை மட்டும் நான்கு பேர் பிடித்தார்கள்.

பாரம் நீங்கிய கம்பி துள்ளி எழுந்தது. பெங்களூர் கணீரென்று வந்தது. ஐம்பதாயிரம் பேர் ஆரவாரிக்கும் ஓசை களத்தை நிறைத்தது. அறிவிப்பாளர் மழைபோல் பொழிந்தார். பொழிந்ததெல்லாம் கன்னடம்.

ஒருவருக்கும் ஒரு சொல்லும் புரியவில்லை. நூர் பாஷா மெல்லத் திரும்பி, கன்னட எல்லையோரத் தளிப் பக்கத்தில் ஒரு கன்னடக் குடும்பத்தில் பிறந்து இந்தத் தெருவுக்கு வாழ்க்கைப்பட்ட ஒரே பெண்ணைப் பார்த்தார். அவள் சென்னம்மாள். சற்று முன்புவரை எதிரியாக நின்றவளின் முன்னால் கை கூப்பினார். அவளும் பெருந்தன்மையோடு ஒரு பலகையை இழுத்துப் போட்டு ரேடியோவில் காதை வைத்து உட்கார்ந்தாள். பந்தாட்டம் என்ற ஒன்றை வாழ்நாளில் பார்த்தறியாத அவள் சொல்லத் தொடங்கினாள்.

"யாரோ யாருக்கோ குடுக்கறானாம். அவன் வாங்கி இன்னொருத்தனுக்குக் குடுத்துட்டானாம். எவனும் வெச்சுக்க மாட்டேங்கறாங்க. அப்பிடி என்னங்க பொருளு அது?"

"பந்துக்கா. மேல சொல்லுங்க."

"ஒருத்தன் கீழ வுழுந்துட்டானாம். எந்திரிச்சுட்டானாம். ஊதறவரு ஊதிட்டாராம். தீர்த்தகிரியண்ணா, பாவாடைய மடிக்காதீங்க, விரிச்சுப் புடிங்க!"

இப்படியே முதற்பாதி கழிந்தது. ஜமீர் பெயர் வரவில்லை. தீர்த்தகிரி இருமினார், அந்த இருமலுக்குள் ஒரு 'பாவம்' இருந்தது. பிற்பாதியும் அரைவாசி கழிந்தது. நூர் பாஷாவின் முகம் சுண்டிப்போயிற்று. இனி செயினோடு மட்டும்தான் பேச்சு என்று அவர் மனத்துக்குள் முடிவுகட்டிய அந்த வேளையில், சென்னம்மாள் கையை உயர்த்தினாள்.

"நந்தி மில்லுல ஒரு ஆள மாத்தறாங்களாம். புதுசா வர்ற பையன் பேரு ஜமீராம். தர்மபுரி ஜில்லாப் பையனாம்!"

ஆஹா, அந்தச் சொல்! வறண்ட ஏரியில் தண்ணீர் வந்ததுபோல் அண்ணனின் கண்கள் நிறைந்தன. பன்னிருவரும், சென்னம்மாளின் முறைப்புக்கு அஞ்சி, விரித்த கைகளை இறக்காமலேயே ஆர்ப்பரித்தார்கள். தீர்த்தகிரி பாவாடைக்குப் பின்னால் தலைகுனிந்தார். இத்தோடு நின்றிருந்தாலே படலம் வெற்றிப் படலம்தான். ஆனால் கொடுக்கிற தெய்வம் கூரையைப் பார்ப்பதில்லை போலும். பத்து நிமிடம் கழித்து அரங்கமே இடிந்து விழுவதுபோல் ஓர் ஓசை எழுந்தது. அதன் நடுவில் அறிவிப்பாளர், கன்னடம் தெரியாதவர்க்கும் புரியும்படி, "ஜமீர்! ஜமீர்! ஜமீர்!" என்று அலறினார்.

"கோலாம்! ஜமீரு காலுல பட்டு உள்ள போயிருச்சாம்!" என்றாள் சென்னம்மாள்.

ஒப்பந்தம் முறிந்தது. இருபத்துநான்கு கைகளும் வானத்தை நோக்கி எழுந்தன. நால்வகைச் சேனையும் ஒரே கணத்தில் செம்மண்ணில் சாய்ந்தது. வீரர்கள் புடவைகளின்மேல் குதித்தார்கள், ஜமுக்காளத்தின்மேல் கட்டிப் புரண்டார்கள், நூர் பாஷாவைத் தோளில் தூக்கினார்கள். தூக்கியவர்களின் தலையில் பட்டுப் பிரேக் ஒயர் அறுந்தது. ரேடியோ மீண்டும் கடுகு பொரித்தது. யாரும் கவலைப்படவில்லை. தீர்த்தகிரி முன்னால் வந்து, "பாய், நான் தப்பாப் பேசிட்டன். உங்க தம்பி பேர ஊரே கேட்டுச்சு, போதுங்க" என்று எல்லோர் முன்னாலும் சொல்லி நூர் பாஷாவின் கையைப் பிடித்துக்கொண்டார். பிறகு எல்லோரும் அந்தச் செய்தியைச் சந்தைத் தெருவின் மறுகோடிக்குக் கொண்டுபோகப் புறப்பட்டார்கள்.

களத்தில் நூர் பாஷாவும் சென்னம்மாளும் மண்ணில் மடிந்த சேனையும் மிஞ்சினார்கள். குழாயில் இன்னும் அரைமணி நேரத்துத் தண்ணீர் இருந்தது. மாவீரன் லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு, வாக்குத் தவறாமல், துவைகல் முன்னால் அமர்ந்தார். ஊரில் இத்தனை மகிழ்ச்சியோடு பிறத்தியார் பாவாடையைத் துவைத்த ஆண்மகன் வேறொருவன் இல்லை. தலையணை உறையை அடித்தார், தம்பியை நினைத்தார். புடவையை அலசினார், தம்பியை நினைத்தார். இறுதியாக ஜமுக்காளத்தின் ஒரு முனையை அவரும் மறுமுனையைச் சென்னம்மாளும் பிடித்து முறுக்கிப் பிழியத் தொடங்கினார்கள்.

"ஏனுங்க பாய், அப்பவே கேக்கணும்னு நெனச்சன். எல்லாரும் கத்துனதுல முடியல."

"என்ன வேணாலும் கேளுங்க்கா!"

"உங்க தம்பி எதிராளிங்க வலையில போடலியாம். சொந்த மில்லு வலைக்குள்ளியே போட்டுட்டானாம். ஆளுங்க அத்தன பேரு நின்னு காத்தும் போட்டுட்டானுன்னா, அது இன்னும் கஷ்டமில்லீங்களா? அதுக்கு ரெண்டு கோலாக் கணக்கு வெப்பாங்களா?"

முறுக்கிய ஜமுக்காளத்திலிருந்து நீர் அருவியாய்க் கொட்ட, மேற்கே மாசி மாதத்துச் சூரியன் செந்நிறக் குடை விரிக்க, சந்தைத் தெருவின் மறுகோடியில் தீர்த்தகிரியின் தலைமையில் "ஜமீர் வாழ்க" என்ற முழக்கம் விண்ணைப் பிளந்துகொண்டு எழ, ரிம்மை நிமிர்த்திய கோமகன், ட்யூபுகளுக்கு மூச்சளித்த வள்ளல், பெங்களூரைக் கொடிக்கம்பியில் பிடித்துக் கட்டிய பெருவீரன், தன் முனையை விடாமல் பிடித்தபடி வெகுநேரம் நின்றார்.

அது சேம் சைடு கோல்.