மணிலாவின் முன்கள வீரனும் என் பிரெஞ்சும்

பயம் எல்லாருக்கும் ஒரே இடத்தில் தொடங்குவதில்லை. பொலிஸைக் கண்டால் எனக்கு அது முழங்காலில் தொடங்கும். முதலாளியைக் கண்டால் கழுத்தில். யாராவது பிரெஞ்சில் கேள்வி கேட்டுவிட்டு, பதிலுக்காக என் வாயையே பார்த்துக்கொண்டு நின்றால் வயிற்றில். அப்படி வயிறு கலங்கிய ஒரு புதன்கிழமைதான், ஒரு நல்ல மனிதனின் பந்தாட்ட வாழ்க்கையை நான் கிட்டத்தட்டக் குழிதோண்டிப் புதைத்தேன்.

எண்பதுகளின் பிற்பகுதி. லா ஷப்பலில், ரூ பிலிப்-து-ஜிராரில், ஓர் அறைக்குள் ஆறு பேர் இருந்தோம். நான் பாரிஸுக்கு வந்து ஏழு மாதம். அகதி விண்ணப்பம் போட்டிருந்தேன். மூன்று மாதத்துக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டிய தற்காலிகத் தாள் ஒன்றை நெஞ்சோடு வைத்துக்கொண்டு திரிந்தேன். (குளிக்கும்போதும் அது கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும்.) மத்தியானத்தில் ஓர் உணவகத்தில் கோப்பை கழுவினேன். எனக்குப் பக்கத்துத் தொட்டியில் கழுவியவன்தான் ரோடெல்.

ரோடெல் பிலிப்பைன்ஸ்காரன். ஆள் கட்டை, கால்கள் மட்டும் யாரோ பெரிய ஆளிடமிருந்து வாங்கிப் பொருத்தியவை போல இருக்கும். மணிலாவில் ஒரு கம்பனி அணியில் முன்களத்தில் ஆடத் தொடங்கி, பிறகு ஹொங்கொங்கில் இரண்டு வருடம் சம்பளத்துக்கு ஆடியவன். அந்தக் கழகம் கலைந்துபோக, பாரிஸில் வீட்டுவேலை செய்த அக்காவிடம் வந்து சேர்ந்தான். காலையில் பதினாறாம் வட்டாரத்தில் ஓர் ஆறு மாடிக் கட்டடத்தில் குப்பை வாளி இழுத்து, படி துடைத்து, கடிதம் கொடுக்கிற காவலாளி வேலை. அதற்குப் பிரெஞ்சில் 'கார்தியன்' என்பார்கள். இந்த வேலைக்கு அவனிடம் தாள் எதுவும் இல்லை. என் தாளாவது தற்காலிகம், அவனுடையது கற்பனை.

ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் பெடியன்கள் பந்தடிக்கும் பூங்காவுக்கு அவனையும் கூட்டிப்போனேன். அங்கே ஒருநாள் நாயோடு உலாத்த வந்த ஒரு வெள்ளைக்காரர் நின்று பார்த்தார். ரோடெல் எங்கள் அணியில் நாலு பேரையும் மரம் ஒன்றையும் சுற்றிக்கொண்டு போய் கோல் போட்டதைக் கண்டதும் நாயை மறந்தார். பிறகு ஒரு சிகரெட் பெட்டியைக் கிழித்து எழுதித் தந்தார். பொபினிப் பக்கம் ஒரு கழகம். ஆட்டக்காரர்களுக்குச் சம்பளம் கொடுக்கிற கழகம். புதன்கிழமை பத்து மணிக்குப் பயிற்சியாளரைப் பார்க்க வேண்டும். எடுபட்டால் வேலை ஒப்பந்தம் கிடைக்கும், ஒப்பந்தம் கிடைத்தால் வதிவிட அட்டைக்கு வழி பிறக்கும்.

ரோடெலுக்குப் பிரெஞ்சு தெரியாது. எனக்குத் தெரியும் என்று அவன் நம்பினான், ஏனென்றால் நான்தான் அப்படிச் சொல்லி வைத்திருந்தேன். உண்மையில் எனக்குத் தெரிந்தது சமையலறையில் ஏச்சு வாங்கும் அளவுக்கான பிரெஞ்சு.

அறையில் மூத்தவரான சிவம் அண்ணை எச்சரித்தார்.

"டேய், கீழ்வீட்டுப் புதுச்சேரி முசியேயைக் கூட்டிக்கொண்டு போ. அந்தாள் இஞ்சை தபால் கந்தோரிலை இருந்து பென்சன் எடுத்தவர்."

"தேவையில்லை அண்ணை. நான் சமாளிப்பன்."

"உன்ரை பிரெஞ்சு எனக்குத் தெரியாதே? போன கிழமை உப்புக் கேட்டு சவுக்காரம் வாங்கிக்கொண்டு வந்தனி."

(அது உண்மை. ஆனால் நல்ல சவுக்காரம்.)

புதன்கிழமை இருவரும் மெத்ரோ ஏறினோம். வழியெல்லாம் ரோடெல் சிலுவை போட்டுக்கொண்டு வந்தான். நான் பரிசோதகர் ஏறுகிறாரா என்று பார்த்துக்கொண்டு வந்தேன். டிக்கெட் இருந்தது. இருந்தாலும் பயம்.

"பிரதர்," என்றான் ரோடெல். நாங்கள் பேசியது இரண்டு நாட்டு உடைந்த ஆங்கிலம். "எனக்கு இருபத்தெட்டு வயசு. முன்களத்தில ஆடுறவனுக்கு முப்பதுக்குப் பிறகு கதை முடிஞ்சுது. இது போனா இனி எனக்குக் குப்பை வாளிதான்."

அதுவரை வயிற்றில் கொஞ்சமாக இருந்த பயம் அந்த நிமிடம் முழுசாகக் குடியேறியது.

பயிற்சியாளர் மதில் மாதிரி ஒரு மனிதர். கழுத்தில் விசில், கையில் அட்டை. ரோடெலை மேலும் கீழும் பார்த்துவிட்டு என்னிடம் மளமளவென்று ஏதோ கேட்டார். அந்த வெள்ளத்தில் எனக்குப் பிடிபட்டது ஒரே ஒரு சொல்: 'அவாங்'.

அந்தச் சொல் எனக்குத் தெரியும்! என் தற்காலிகத் தாளைப் புதுப்பிக்கிற பிரிபெக்சர் கந்தோர் தரும் கடிதங்களில் எல்லாம் இருக்கும். இந்தத் திகதிக்கு 'முன்' வா, பத்து மணிக்கு 'முன்' வா. ஆக, ஏன் முன்னமே வரவில்லை என்று கேட்கிறார். நாங்கள் வந்தபோது பத்து மணி ஐந்து நிமிடம்.

"நோன், நோன்! பா அவாங்!" என்றேன். முன்னால் இல்லை. "இப்போது! இப்போதுதான்!"

பந்தாட்டத்தில் 'அவாங்' என்றால் முன்கள வீரன் என்று எனக்கு யார் சொன்னது?

பயிற்சியாளர் நெற்றியைச் சுருக்கினார். அட்டையில் எதையோ வெட்டினார். பிறகு கேட்டார்: "அப்படியானால் கார்தியன்?"

என் முழங்காலும் கழுத்தும் வயிறும் ஒன்றாக ஆடத் தொடங்கின. ரோடெல் கட்டடக் காவலாளி என்று இவருக்கு எப்படித் தெரியும்? தாள் இல்லாமல் வேலை செய்கிறவனைப் பிடிக்க வந்த ஆளா இவர்? நாயோடு வந்தவர் உளவாளியா? இல்லை என்றால் பொய் சொன்ன குற்றம், ஓம் என்றால் களவாக வேலை செய்த குற்றம். ரோடெல் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். உண்மையைச் சொல்லி இரக்கத்தைச் சம்பாதிப்போம் என்று முடிவெடுத்தேன்.

"வுய்," என்றேன். "கார்தியன். மிக நல்ல கார்தியன். ஆறு மாடி."

பயிற்சியாளர் ரோடெலின் கட்டைத் தோற்றத்தைப் பார்த்தார். வானத்தைப் பார்த்தார். "ஆறு மாடி?"

"வுய். தினமும்."

கோல் காப்பவனுக்கும் பிரெஞ்சில் 'கார்தியன்'தான் பெயர். அதுவும் எனக்குத் தெரியாது. தினமும் ஆறு மாடி உயரத்துக்குப் பாய்கிற ஒரு குள்ளனை நான் கொண்டுவந்திருப்பதாக அந்த மனிதர் நினைத்திருக்க வேண்டும். ஒரு மஞ்சள் சட்டையையும் பெரிய கையுறைகளையும் ரோடெலிடம் நீட்டினார்.

"கையுறை ஏன்?" என்று கேட்டான் ரோடெல்.

"குளிர்," என்றேன். மாசி மாதம். நம்பினான்.

அவனைக் கோல் கம்பங்களுக்கு நடுவே கொண்டுபோய் நிறுத்தியபோது நம்பவில்லை. திரும்பி என்னைப் பார்த்தான். எனக்கும் அப்போதுதான் விளங்கியது. ஓடிப்போய் உண்மையைச் சொல்லியிருக்கலாம். எந்தச் சொற்களால் சொல்வது? என்னிடம் இருந்தவை 'கெதியா', 'சட்டி', 'ஓம் ஐயா' ஆகிய மூன்றும்தான்.

"இஞ்சை அப்பிடித்தான்!" என்று ஆங்கிலத்தில் கத்தினேன். "புது ஆளை முதல்ல கோலில விட்டுத்தான் பார்ப்பினம்!"

பாவி, அதையும் நம்பினான்.

முதல் பந்து வந்தது. ரோடெல் அதைக் கையால் தொடவில்லை, காலால் நிறுத்தப் போனான். கோல். இரண்டாவதுக்கு நெஞ்சைக் கொடுத்தான், அது துள்ளி உள்ளே போனது. மூன்றாவதைத் தலையால் அடித்து மிக அழகாக அவனே உள்ளே போட்டான். பழக்கதோஷம். நான் விளையாட்டுப் பைகள் குவித்திருந்த இடத்தில் ஒரு பையின் பின்னால் குந்திக்கொண்டேன். ஏழாவது பந்துக்கு ஒருவழியாகக் கையை நீட்டினான். 'டக்' என்ற சத்தம் பைக்குப் பின்னால் இருந்த எனக்கே கேட்டது. வலது கைச் சின்னவிரல் பக்கவாட்டில் திரும்பி நின்றது.

பயிற்சியாளர் என்னிடம் வந்து, "மெர்சி. ஓ ருவார்," என்றார். நன்றி, போய் வாருங்கள். அந்த நாளில் எனக்கு முழுமையாக விளங்கிய பிரெஞ்சு அதுதான்.

திரும்பும் மெத்ரோவில் கைக்குட்டையால் விரலைக் கட்டிக்கொண்டு ரோடெல் கேட்டான்: "அவர் உன்னட்டை என்ன கேட்டவர்?"

சொன்னேன். இரண்டு சொல்லையும் சொன்னேன். எனக்குப் பிரெஞ்சு தெரியாது என்பதையும் சொன்னேன். அடிப்பான் என்று எதிர்பார்த்தேன். அவன் அடிக்கவில்லை. ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டான், ஸ்தாலின்கிராட் மெத்ரோ நிலையம் வரைக்கும் திரும்பவே இல்லை. பொலிஸ், முதலாளி, பரிசோதகர் எல்லாரையும் விட அந்தப் பிடரிக்குத்தான் நான் அதிகம் பயந்தேன்.

அறைக்கு வந்து அழுதேன். சிவம் அண்ணை என் சட்டைக் கொலரைப் பிடித்துக் கீழ்வீட்டுக்கு இழுத்துப்போனார். புதுச்சேரி முசியே முழுக்கதையும் கேட்டுவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"என்னப்பா நீ, முன்னாடியே என்னண்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்ல? சரி, நான் எழுதித் தரேன். ஆனா நான் வரமாட்டேன். நீ தனியாப் போய், உன் வாயாலயே படி."

மறுநாள் வேலைக்குச் சுகமில்லை என்று சொல்லிவிட்டு நான் தனியாகப் பொபினிக்குப் போனேன். வாசலில் இருந்து மைதானம் வரை நடந்த தூரம் ஊரில் வல்வெட்டித்துறையிலிருந்து நான் கடல் கடந்த தூரத்தை விட நீளம். பயிற்சியாளர் என்னைக் கண்டதும் விசிலை வாயிலிருந்து எடுத்தார். தமிழ் எழுத்தில் எழுதி வைத்திருந்த பிரெஞ்சை வாசித்தேன்.

"ஐயா, எனக்குப் பிரெஞ்சு தெரியாது. தெரியும் என்று பொய் சொன்னேன். அவர் கட்டடத்துக்குத்தான் காவலாளி. மைதானத்தில் முன்கள வீரர். பிழை முழுவதும் என்னுடையது."

அவர் முகத்தில் ஒரு அசைவும் இல்லை. இன்னொருமுறை வாசி என்று சைகை காட்டினார். வாசித்தேன். பிறகு விசில் ஊதி அணி முழுவதையும் கூப்பிட்டு, மூன்றாம் தடவையும் வாசிக்க வைத்தார். 'ஆறு மாடி' என்று ஒருவன் சொல்ல, மற்றவர்கள் புல்லில் விழுந்து சிரித்தார்கள். நான் தாளைப் பிடித்தபடி நின்றேன். சிரித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஞாயிறு என்றார் பயிற்சியாளர். பிறகு என்னைச் சுட்டி, வாசலைச் சுட்டி, விரலை ஆட்டினார். அதற்கு மொழிபெயர்ப்புத் தேவைப்படவில்லை.

ஞாயிற்றுக்கிழமை வேலிக்கு வெளியே நின்று பார்த்தேன். விரலில் கட்டோடு ரோடெல் இரண்டு கோல் போட்டான். இரண்டாவதைப் போட்டுவிட்டு வேலிப்பக்கம் ஓடிவந்து, கட்டுப்போட்ட விரலை எனக்கு நீட்டிக் காட்டினான். மன்னிப்பா மிரட்டலா என்று இன்றுவரை தெரியாது.

அந்தக் கழகத்தில் நாலு பருவம் ஆடினான். ஒப்பந்தமும் வதிவிட அட்டையும் கிடைத்தன. பெரிய கழகங்கள் எதுவும் அவனைக் கூப்பிடவில்லை. முழங்கால் போனபிறகு பஸ் ஓட்டப் பழகிக்கொண்டான்.

எனக்குத்தான் அந்தப் புதன்கிழமை முடியவில்லை. சில வருடம் கழித்து என் மனைவிக்கு ஆஸ்பத்திரியில் பிரசவம். வெளியே காத்திருந்தேன். ஒரு தாதி கதவைத் திறந்து சிரித்தபடி என்னிடம் ஏதோ கேட்டாள். 'பேர்' என்ற சொல் காதில் விழுந்தது. இதற்குள் ஓரளவு பிரெஞ்சு படித்திருந்தேன். ஆனாலும் ஒற்றைச் சொல்லை நம்பி நான் பட்டது போதும். வாயை இறுக்கி மூடிக்கொண்டேன். அவள் திரும்பக் கேட்டாள். நான் கையால் 'பொறு' என்று காட்டிவிட்டு, ஓடிப்போய் செவ்ரானில் இருந்த மைத்துனனுக்குத் தொலைபேசி எடுத்தேன்.

அவன் வியர்த்து விறுவிறுத்து வந்து தாதியிடம் விசாரித்தான். பிறகு சுவரில் சாய்ந்துகொண்டு சிரித்தான்.

"அத்தான், 'பேர்' எண்டா தகப்பன். 'நீங்கள்தான் தகப்பனோ' எண்டுதான் அவ கேக்கிறா!"

என் மகள் ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் கேக் வெட்டுவதற்கு முன்னால் விருந்தினர் எல்லாரையும் அமர்த்திவிட்டு இதைச் சொல்லுவாள்: தான் பிறந்து முதல் ஒன்றேகால் மணித்தியாலம் தனக்கு அப்பா இல்லை என்று. பிரெஞ்சில்தான் சொல்லுவாள். ஒரு சொல் விடாமல் எனக்கு விளங்கும்.