ஆறாவது பிள்ளை

அண்ணாமலை நகர்,
செவ்வாய் இரவு

அன்புள்ள சேதுமாதவன் அண்ணனுக்கு, சிவகாமு வணக்கத்துடன் எழுதுவது. இந்நேரத்தில் எழுதுவதால் கையெழுத்து கோணினால் மன்னிக்கவும். குழந்தை இப்போதுதான் தூங்கினான். அங்கே கடலூரில் அண்ணியும் பிள்ளைகளும் சுகமென நம்புகிறேன். இங்கும் சுகம் என்றே எழுதிவிடலாம். எழுதினால் நீங்கள் வரமாட்டீர்கள்.

உங்கள் மாப்பிள்ளை, யுத்தம் முடிந்து சீமைக்குப் போன நெல்லிக்குப்பம் துரையிடம் வாங்கிய கேமராவால் கிரேக்கப் புராணத்தைப் படம் பிடிக்கிறார். பேச்சில்லை, பாட்டில்லை, கதையும் வரிசையாக இராதாம், புதுமாதிரிச் சோதனையாம். பிறக்கிற பிள்ளையையெல்லாம் விழுங்குகிற ஒரு தகப்பன் தெய்வம். ஆறாவது பிள்ளைக்குப் பதிலாகத் தாய்க்காரி ஒரு கல்லைத் துணியில் சுற்றிக் கொடுத்துவிட, தப்பிய பிள்ளை தேவர்களுக்கே ராஜா ஆகிறான். விழுங்குகிறவர், சணல் தாடி கட்டிய லாஜிக் வாத்தியார் தேவசகாயம். விழுங்கப்பட, சளி பிடித்திருக்கிற நம் ஐந்து மாதக் கனகசபாபதி. “கல்லையே குடுத்தாப் போச்சு” என்றேன். “கல்லு ஆறாவதுக்குத்தான் சிவகாமு. மொதல் அஞ்சும் நெசப் புள்ளைங்க” என்றார், நான் ஏதோ பரீட்சையில் தவறிவிட்டவள் போல.

பெயர் வைத்த அன்று தொட்டிலில் முதலில் அம்மிக்குழவியைத்தானே சட்டை சுற்றி, மைப்பொட்டு வைத்துக் கிடத்தினோம்? இன்றும் அதையே செய்து அஞ்சு தடவையும் கொடுத்தேன். உங்கள் மாப்பிள்ளை கேமராவில் கண்ணைப் புதைத்தபடி, “புள்ள எவ்ளோ சமத்தா இருக்கான் பாரு” என்றார். தேவசகாயம் மட்டும், “சார், பையன் நல்ல கனம் சார்” என்றார். கடைசித் தடவை குழவி அவர் கையிலிருந்து நழுவிற்று. சத்தம் கேட்டு மாமியார் பேரன்தான் விழுந்தான் என்று அலறிக்கொண்டு ஓடிவர, குவார்ட்டர்ஸே கூடிவிட, வாத்தியார் கால்விரலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்க, இவர், “அம்மா, இன்னொரு வாட்டி அலறு” என்றாரே தவிர, விழுந்தது என்னவென்று குனிந்து பார்க்கவில்லை. பக்கத்து வீட்டு மங்கலம்தான் முதலில் பார்த்தாள். “ஏங்க்கா, எங்க வூட்டு அம்மியும் சும்மாத்தான் கெடக்கு, அனுப்பவா?” என்றாள்.

அதிலிருந்து என்னோடு பேச்சில்லை. “நாளைக்கி நெசப் புள்ளதான்” என்று சுவரைப் பார்த்துச் சொன்னார். நான் பி.ஏ. படித்து என்ன, எனக்கு அசந்துபோயிற்று. இதைக் கண்டதும் ரயிலேறி வந்து எங்கள் இருவரையும் கடலூருக்கு அழைத்துப் போங்கள். அண்ணிக்கு என் அன்பு. ஒற்றைக்காலில் நிற்கிற சாமி உங்கள் எல்லோரையும் காக்கட்டும்.

தங்கை,
சிவகாமு

பி.கு.: உறையில் போடப்போகையில் பேச்சைத் தொடங்கிவிட்டார். நம் பிள்ளை வேண்டாமாம். மங்கலம் தன் மகனைத் தருகிறாளாம். அஞ்சுக்கும் அவன் என்றால் எனக்கென்ன? தப்பிக்கிற ஆறாவதும் அவனேயாம். படத்தில் முகம் முழுதாகத் தெரிகிற ஒரே பிள்ளை அது, அண்ணா. மங்கலத்தின் மகனுக்கு இன்னும் கழுத்தே நிற்கவில்லை. கனகசபாபதிக்குச் சளி எவ்வளவோ குறைந்திருக்கிறது. ஆகவே அழைத்துப்போக வரவேண்டாம். ராஜா வேஷம் நம் பிள்ளைக்குத்தான் என்று உங்கள் மாப்பிள்ளைக்கு நீங்களே ஒரு வார்த்தை எழுதுங்கள். சீக்கிரம் பதில் போடுங்கள்.